இல்லாததைத் துறக்க முடியுமா?

நம் குடியிருப்பு பரலோகத்தில் இருக்கிறது என்று பவுல் எழுதியிருக்க, பூமியில் ஒரு வாக்காளர் பட்டியலில் பெயர் இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன?

எங்கள் சபையின் பெண்கள் வேதபாட வகுப்பில் எழுந்த கேள்வி இது. கேட்டவர், பீடி சுற்றிச் சுற்றி விரல்நுனி தேய்ந்துபோன ஒரு பெரியம்மா. பட்டியல் திருத்தத்தில் அவர் பெயர் விட்டுப்போயிருந்தது. "போகட்டும் டீச்சர். ஜீவபுஸ்தகத்துல பேர் இருந்தா போதாதா?" என்றார். வகுப்பில் பாதிப் பேர் ஆமென் சொன்னார்கள்.

நான் ஓய்வுபெற்ற நடுநிலைப்பள்ளித் தலைமையாசிரியை. வேலையில் இருந்தவரை ஒவ்வொரு தேர்தலுக்கும் வாக்குச்சாவடிப் பணி வந்துவிடும். எத்தனையோ பேரின் இடது ஆள்காட்டி விரலில் மை வைத்திருக்கிறேன். வெயிலில் வரிசையில் நின்று வந்து, பட்டியலில் பெயர் இல்லையென்று திரும்பிப்போனவர்களின் முகத்தையும் பார்த்திருக்கிறேன். அதனால் பெரியம்மாவுக்கு ஆமென் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அவர் பேச்சில் விசுவாசம் இருந்தது. அதன் அடியில், கேட்டுக் கேட்டு அலுத்துப்போன ஒரு மனுஷியின் சலிப்பும் இருந்தது. இரண்டும் ஒரே வார்த்தையில் கலந்து வந்தால் நாம் விசுவாசத்தை மட்டும் காதில் வாங்கிக்கொள்கிறோம்.

இந்தக் கேள்விக்குச் சபைகளில் வழக்கமாக இரண்டு பதில் உண்டு. அதிகாரங்களுக்குக் கீழ்ப்படியச் சொல்லும் ரோமர் 13-ஐக் காட்டி, வாக்களிப்பது கடமை என்பது ஒன்று. உலகக் காரியம் உலகத்தாருக்கு என்பது மற்றொன்று. முதல் பதில், வாக்கை அரசுக்குச் செலுத்தும் கட்டணமாக்கிவிடுகிறது. இரண்டாவது, பெரியம்மாவின் பெயர் விடுபட்டதையே ஓர் ஆசீர்வாதமாக்கிவிடுகிறது. இரண்டுமே எனக்குப் போதவில்லை. ஆகவே வகுப்பில் அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தைப் பற்றிப் பேசினேன். பரலோகத்தை அவ்வளவு உறுதியாக நம்பியவர்களும் வாக்கு அவ்வளவு முழுதாகப் பறிக்கப்பட்டவர்களும் அங்கே ஒரே ஜனங்களாக இருந்தார்கள்.

அமெரிக்காவில் இனத்தைக் காரணம் காட்டி வாக்குரிமையை மறுக்கக் கூடாது என்று 1870-லேயே 15-ஆம் அரசியல் சாசனத் திருத்தம் சொல்லிவிட்டது. மிசிசிப்பி மாநிலம் 1890-இல் தனக்கு ஒரு புதிய சாசனம் எழுதிக்கொண்டது. நிறத்தைப் பற்றி வாய் திறக்காமலே கறுப்பின மக்களை வெளியே நிறுத்தும் வழிகள் அதில் இருந்தன. வாக்களிக்க வேண்டுமானால் தலைவரி கட்டிய ரசீது வேண்டும். ஆண்டுக்கு 2 டாலர். 1950-களில் பிடி இன்னும் இறுகியது. சாசனத்தின் 285 பிரிவுகளில் பதிவாளர் கைகாட்டும் ஒன்றை விண்ணப்பதாரர் எழுத்தில் விளக்க வேண்டும். விளக்கம் சரியா தவறா என்று தீர்மானிப்பவரும் அதே பதிவாளர். விடைக்குறிப்பு இல்லாத பரீட்சை. 1962-இல் இன்னொரு சட்டம் போட்டார்கள்: விண்ணப்பித்தவர் பெயர் உள்ளூர்ப் பத்திரிகையில் இரண்டு வாரம் வெளிவர வேண்டும். வந்தால் பண்ணை முதலாளி பார்ப்பார். கடன் கொடுத்த கடைக்காரர் பார்ப்பார். ராத்திரியில் துப்பாக்கியோடு காரில் சுற்றுகிறவர்களும் பார்ப்பார்கள்.

என் அம்மாவுக்கு எழுத்து தெரியாது. நாட்டின் முதல் பொதுத்தேர்தலில், 1952-இல், பெட்டியில் ஒட்டியிருந்த சின்னத்தைப் பார்த்துச் சீட்டைப் போட்டுவிட்டு வந்தவர். நம் சாசனத்தின் 326-ஆம் பிரிவு வயதைக் கேட்டது. படிப்பைக் கேட்கவில்லை, சொத்தைக் கேட்கவில்லை. அந்தக் காலத்தில் மிசிசிப்பியில், கல்லூரியில் படித்துப் பட்டம் வாங்கிய கறுப்பினப் பள்ளி ஆசிரியர்களே பதிவாளரின் பரீட்சையில் 'தோற்று'க் கொண்டிருந்தார்கள்.

அந்த மாநிலத்தின் ரூல்வில் என்ற சிற்றூரில், பருத்திப் பண்ணை ஒன்றில் 18 ஆண்டுகளாக விளைச்சல் வாரத்துக்கு உழைத்தவர் ஃபேனி லூ ஹேமர். இருபது பிள்ளைகளில் கடைசிப் பிள்ளை. ஆறு வயதில் பருத்தி எடுக்கத் தொடங்கியவர். தனக்கு வாக்களிக்க உரிமை உண்டு என்பதே 44 வயதில்தான் அவருக்குத் தெரிந்தது. அதையும் கோயிலில் வைத்துத்தான் தெரிந்துகொண்டார். 1962 ஆகஸ்டில் ஊரின் வில்லியம்ஸ் சேப்பலில் ஒரு கூட்டம் நடந்தது. ஜேம்ஸ் பெவல் என்ற இளம் போதகர், காலத்தின் அடையாளங்களை நிதானிப்பது பற்றிப் பிரசங்கம் செய்தார். நீதிமன்றத்துக்குப் போய்ப் பெயர் பதிய யார் வருகிறீர்கள் என்று கேட்டபோது கைதூக்கியவர்களில் ஹேமரும் ஒருவர்.

ஆகஸ்ட் 31 அன்று 18 பேர் ஒரு பழைய பேருந்தில் 26 மைல் தள்ளியிருந்த இண்டியனோலாவுக்குப் போனார்கள். ஹேமருக்கு வந்தது 16-ஆம் பிரிவு. முன்தேதியிட்டுத் தண்டிக்கும் சட்டங்களைப் பற்றியது. அதைப் பற்றித் தனக்குத் தெரிந்தது, கிறிஸ்துமஸைப் பற்றிக் குதிரைக்குத் தெரிந்த அளவுதான் என்று பின்னாளில் சிரித்துச் சொல்வார். தோற்றுத் திரும்பும் வழியில் போலீஸ் பேருந்தை மறித்தது. குற்றம்: பேருந்தின் மஞ்சள் நிறம் பள்ளிப் பேருந்து போல இருக்கிறதாம். ஓட்டுநருக்கு அபராதம். உள்ளே எல்லோரும் நடுங்கிக்கொண்டிருக்க, ஹேமர் பாடத் தொடங்கினார்.

வீடு வந்து சேரும் முன்பே செய்தி பண்ணை முதலாளிக்குப் போய்விட்டது. விண்ணப்பத்தை வாபஸ் வாங்கு, இல்லாவிட்டால் வெளியேறு என்றார் அவர். உங்களுக்காக நான் பதியப் போகவில்லை, எனக்காகத்தான் போனேன் என்று ஹேமர் பதில் சொன்னார். அன்றிரவே வீட்டை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. செப்டம்பர் 10 அன்று, அவர் தங்கியிருந்த வீட்டுக்குள் பதினாறு குண்டுகள் பாய்ந்தன.

'எனக்காக' என்ற அந்தப் பதிலை வகுப்பில் சொன்னபோது ஒரு தங்கச்சி முகம் சுளித்தாள். "அது சுயநலம் இல்லையா டீச்சர்? ஆண்டவர் தன்னை வெறுக்கல்ல சொன்னாரு?" நியாயமான தடைதான். நம் பீடங்களிலிருந்து ஏழைகளுக்கு அதிகம் பிரசங்கிக்கப்படும் புண்ணியம் இந்தத் தன்வெறுப்பு. ஆனால் ஆண்டவர் துறவை யாரிடம் கேட்டார், யாரிடம் கேட்கவில்லை என்று பார்க்க வேண்டும். லூக்கா 18-ஆம் அதிகாரத்தில் இரண்டு பேர் அவரிடம் வருகிறார்கள். ஆஸ்திக்காரனான தலைவனிடம், உள்ளதை எல்லாம் விற்றுக் கொடு என்கிறார். எரிகோ வழியில் உட்கார்ந்து பிச்சை எடுத்த குருடனிடம் எதையும் விடச் சொல்லவில்லை. உனக்கு என்ன வேண்டும் என்று கேட்கிறார். அவனும் தயங்காமல் பார்வை வேண்டும் என்கிறான். இருப்பவனிடம் துறவைக் கேட்டவர் இல்லாதவனிடம் தேவையைக் கேட்டார். துறப்பதற்கு முதலில் ஒன்று நம்முடையதாக இருக்க வேண்டும். உழைப்பும் வீடும் முதலாளியுடையது, அபிப்பிராயமும் முதலாளியுடையதே என்று வைக்கப்பட்டிருந்த ஒரு பெண், எனக்காகப் போனேன் என்று சொன்னபோது, வெறுப்பதற்கோ கொடுப்பதற்கோ தனக்கென்று ஒரு 'தான்' உண்டு என்று முதன்முதலாக அறிவித்தார். அதற்குச் சுயநலம் என்று பெயர் வைக்க எனக்கு மனம் வராது.

அதே அதிகாரத்தின் தொடக்கத்தில் இன்னொருத்தி இருக்கிறாள். சோர்ந்துபோகாமல் ஜெபம்பண்ண வேண்டும் என்பதற்கு உவமையாகச் சொல்லப்பட்ட விதவை. கதையில் அவள் முழங்காலில் நிற்கவில்லை. அநீதியுள்ள நியாயாதிபதியின் வாசலுக்குத் திரும்பத் திரும்ப நடந்து, அவனைத் தொந்தரவு செய்கிறாள். ஜெபத்துக்கு ஆண்டவர் காட்டிய மாதிரியே நீதிமன்றப் படியேறும் ஒரு பெண்தான்! மயங்கி விழும்வரை ஜெபித்தாலும், எழுந்து ஏதாவது செய்யாவிட்டால் கடவுள் அதைக் கொண்டுவந்து மடியில் போடப் போவதில்லை என்று ஹேமர் 1964-இல் ஒரு கூட்டத்தில் பேசினார். எந்த வேதாகமக் கல்லூரியிலும் படிக்காத அவர், அந்த விதவையைச் சரியாகப் புரிந்துகொண்டிருந்தார்.

இப்படி முதலில் படியேறியவர்கள் யார் என்று பார்த்தால் ஒரு விஷயம் கண்ணில் படும். பெரும்பாலும், அடுப்பு எரிவது வெள்ளைக்காரர் கையில் இல்லாதவர்கள். தென் கரோலினாவின் ஜான்ஸ் தீவில் ஈசா ஜென்கின்ஸ் சொந்தமாகப் பேருந்து ஓட்டியவர். சார்ல்ஸ்டன் நகருக்கு வேலைக்குப் போகும் தீவுவாசிகளுக்கு, வண்டியிலேயே சாசனத்தின் வரிகளைச் சொல்லிக்கொடுப்பார். ஆலிஸ் வைன் என்ற பெண் அதைக் கேட்டே மனப்பாடம் செய்து பதிந்துகொண்டார். ஆனால் உண்மையாகவே வாசிக்கத் தெரிய வேண்டும் என்பது அவர் ஆசை. 1957 ஜனவரியில் ஒரு கூட்டுறவுக் கடையின் பின்னறையில் முதியவர்களுக்கான வகுப்பு தொடங்கியது. பாடம் நடத்த வந்த பெர்னீஸ் ராபின்சன் ஓர் அழகுக்கலை நிலையம் வைத்திருந்தவர். வாடிக்கையாளர்கள் எல்லோரும் கறுப்பினப் பெண்கள். அவரை வேலையை விட்டு நீக்க யாராலும் முடியாது. அவருடைய உறவினரும் அந்தத் திட்டத்தின் மூளையுமான செப்டிமா கிளார்க், நாற்பது ஆண்டு அனுபவமுள்ள ஆசிரியை. கறுப்பினத்தவரின் உரிமைச் சங்கத்தில் உறுப்பினராக இருந்ததற்காக 1956-இல் வேலையை இழந்தவர். ராபின்சன் எழுத்துப்பாடப் புத்தகம் வைத்துத் தொடங்கவில்லை. என்ன படிக்க வேண்டும் என்று அவர்களையே கேட்டார். பெயரெழுத வேண்டும், மணியார்டர் படிவம் நிரப்ப வேண்டும், பைபிள் வாசிக்க வேண்டும் என்றார்கள். அதிலிருந்து தொடங்கினார். வகுப்பெடுத்தே வாழ்ந்த எனக்கு இது எவ்வளவு பெரிய காரியம் என்று தெரியும்.

மிசிசிப்பியின் ஹோம்ஸ் கவுண்டியிலும் அதே கதை. அங்கே மைல்ஸ்டன் என்ற இடத்தில், அரசின் நிலத்திட்டத்தால் 1940-களில் சொந்தப் பூமி பெற்ற கறுப்பின விவசாயிகள் இருந்தார்கள். 1963 ஏப்ரல் 9 அன்று அவர்களில் சிலர் லெக்சிங்டன் நீதிமன்றத்துக்குப் போனபோது, யாரடா முதலில் என்று அதிகாரி உறுமினார். ஹார்ட்மன் டர்ன்போ என்ற விவசாயி முன்னே வந்தார். ஒரு மாதத்துக்குள் அவர் வீட்டில் தீக்குண்டு விழுந்தது. அவர் துப்பாக்கியை எடுத்துத் திருப்பிச் சுட்டார். சொந்த வீட்டுக்குத் தானே தீ வைத்ததாக அவரையே கைது செய்தார்கள். டர்ன்போவின் துப்பாக்கியை ஞாயிறு பள்ளிப் பாடமாக நான் சொல்லிக்கொடுக்க மாட்டேன். பிள்ளைகள் உள்ளே தூங்கும் வீட்டின் வாசலில் துப்பாக்கியோடு நின்றவனை அவிசுவாசி என்றும் சொல்ல மாட்டேன்.

சொந்த நிலமோ கடையோ இல்லாதவர்களும் நடந்தார்கள் என்பதுதான் அதைவிடப் பெரிய செய்தி. ஹேமர் ஓர் எடுத்துக்காட்டு. அலபாமாவின் செல்மா நகர ஆசிரியர்கள் இன்னொன்று. அவர்களின் சம்பளம் வெள்ளையர் நிறைந்த கல்விக் குழுவின் கையில். 1965 ஜனவரி 22 அன்று நூற்றுக்கும் மேற்பட்ட ஆசிரியர்கள் பள்ளி முடிந்ததும் ஞாயிற்றுக்கிழமை உடுப்பு உடுத்தி நீதிமன்றப் படியில் போய் நின்றார்கள். கையில் பல் துலக்கும் பிரஷ். சிறைக்குப் போகத் தயார் என்பதற்கு அடையாளம். லத்தியால் தள்ளத் தள்ளத் திரும்பவும் படியேறினார்கள். மார்ட்டின் லூதர் கிங் செல்மாவுக்கு வந்து அப்போது ஒரு மாதம்கூட ஆகவில்லை. பல் மருத்துவமனையில் வேலைபார்த்த மரீ ஃபாஸ்டர் அதற்கு முன்பே ராத்திரி வகுப்பு நடத்திக்கொண்டிருந்தார். முதல் நாள் வந்தது ஒரே ஒரு முதியவர். அவருக்குப் பெயரெழுதக் கற்றுக்கொடுத்து அனுப்பினார். தலைவர்கள் வந்தபோது அவர்களுக்குப் பின்னால் ஓர் ஊர் எழுந்து நின்றதென்றால், அந்த ஊரை ஒவ்வொரு ஆளாக எழுப்பியவர்கள் இப்படிப்பட்டவர்கள்தான்.

எல்லோருக்கும் இரட்சிப்பு கிடைத்தது என்று சொல்லி முடிக்கத்தான் எனக்கும் ஆசை. நடந்தது அப்படியில்லை. மிசிசிப்பியின் பெல்சோனியில் தாமும் பதிந்து பிறரையும் பதியவைத்த ஜார்ஜ் லீ ஒரு போதகர். 1955 மே மாதம் கார் ஓட்டிப்போகும்போதே சுட்டுக்கொல்லப்பட்டார். முகத்தில் இருந்த ஈயச் சில்லுகள் பல் அடைக்க வைத்ததாக இருக்கலாம் என்றார் ஷெரிப். அதே ஆண்டு ஆகஸ்டில் விவசாயி லமார் ஸ்மித்தை புரூக்ஹேவன் நீதிமன்றப் புல்வெளியில் பட்டப்பகலில் ஜனங்கள் நடுவில் சுட்டார்கள். கண்டதாகச் சாட்சி சொல்ல ஒருவரும் வரவில்லை. ஹேட்டிஸ்பர்கில் வெர்னன் டேமர் மளிகைக் கடையும் நிலமும் உள்ளவர், ஞாயிறு பள்ளி ஆசிரியர். தலைவரி கட்ட முடியாதவர்களுக்குத் தானே கட்டுவதாக அறிவித்திருந்தார். 1966 ஜனவரி 10 அதிகாலையில் அவர் வீட்டுக்குத் தீ வைத்தார்கள். மனைவி மக்களைத் தப்பவைக்க எதிர்த்துச் சுட்டுக்கொண்டு நின்ற அவர், நுரையீரல் வெந்து அன்றே இறந்தார். அவருடைய பிள்ளைகளில் நான்கு பேர் அப்போது அமெரிக்கப் படையில் இருந்தார்கள். அவருடைய வாக்காளர் அட்டை இறந்தபின் வந்து சேர்ந்தது.

அந்தக் கொலைக்கு உத்தரவிட்டவர், வெள்ளை இனவெறிக் கும்பலான கூ கிளக்ஸ் கிளானின் மிசிசிப்பித் தலைவர் சாம் பவர்ஸ். 1998-இல்தான் தண்டனை கிடைத்தது. பாப்டிஸ்ட் சபையில் ஞாயிறு பள்ளிப் பாடம் நடத்திவந்தவர் அவரும். கொன்றவரும் கொல்லப்பட்டவரும் ஒரே வேதத்தைப் பிள்ளைகளுக்கு வாசித்திருக்கிறார்கள். அதே வேலையைச் செய்கிறவள் என்பதால் இது எனக்குத் தூக்கத்தைக் கெடுக்கும் சங்கதி. விசுவாசம் இருந்தால் போதும் என்பவர்கள் இதற்குப் பதில் சொல்லியாக வேண்டும். என் பதில் இது: ஒருவனுடைய விசுவாசம் எதில் வந்து முடிகிறது என்பதைப் பார்க்க, அதற்கான விலையை யார் கட்டுகிறார்கள் என்று கேட்டால் போதும். டேமர் அயலானின் வரியைத் தன் பையிலிருந்து கட்டுவதாகச் சொன்னார். பவர்ஸின் பக்திக்கு அயலான் உயிரைக் கட்டினான்.

பவுலின் வசனத்துக்கு வருகிறேன். 1963 ஜூன் 9 அன்று, சார்ல்ஸ்டனில் குடியுரிமைப் பயிற்சி முடித்துத் திரும்பிய ஹேமரையும் தோழிகளையும் வினோனா பேருந்து நிலையத்தில் கைது செய்தார்கள். சிறையில், அதிகாரிகளின் உத்தரவின்பேரில் கறுப்பினக் கைதிகளைக் கொண்டே அவரை அடிக்கவைத்தார்கள். சிறுநீரகம் கெட்டது, ஒரு கண்ணின் பார்வை குன்றியது. அடிபட்ட அந்த உடம்போடு சிறையில் பாடினார். தண்ணீர் கொண்டுவந்த சிறைக்காவலர் வீட்டுப் பெண்ணிடம், அப்போஸ்தலர் 17:26-ஐப் போய் வாசித்துப் பார் என்றார். மனுஷ ஜாதியான சகல ஜனங்களும் ஒரே இரத்தத்தால் உண்டானவர்கள் என்று பவுல் சொல்லும் இடம் அது.

பரலோகக் குடியிருப்பைப் பற்றிப் பவுல் எழுதிய நிருபம் பிலிப்பியருக்கு. அந்தப் பிலிப்பி பட்டணத்தில் அவருக்கு என்ன நடந்தது? அடித்தார்கள், சிறையில் போட்டார்கள், நடுராத்திரியில் அவரும் பாடினார். விடிந்ததும் ரகசியமாகப் போய்விடுங்கள் என்று அதிகாரிகள் ஆள் அனுப்பினார்கள். ரோமக் குடிமக்களான எங்களை விசாரிக்காமல் வெளியரங்கமாக அடித்துவிட்டு இப்போது ரகசியமாகப் போகச் சொல்வதா, அவர்களே வந்து வெளியே அழைத்துப்போகட்டும் என்று அசையாமல் நின்றார் பவுல். பரலோகக் குடியிருப்பை நினைவூட்டிய அதே ஊரில்தான் பூமியின் குடியுரிமையையும் அவர் விட்டுக்கொடுக்காமல் கேட்டு வாங்கினார். பிலிப்பி சபையார் இதைக் கண்ணால் பார்த்தவர்கள். பவுல் எழுதியதை மட்டும் வாசித்து, செய்ததை வாசிக்காமல் விட்டவர்கள் நாம்தான்.

1965 ஆகஸ்ட் 6 அன்று வாக்குரிமைச் சட்டம் கையெழுத்தானது. மிசிசிப்பியில் பதிவு பெற்ற கறுப்பினத்தவர் அதற்குமுன் நூற்றுக்கு 7 பேருக்கும் குறைவு. 1967-க்குள் ஏறக்குறைய 60 பேர். டர்ன்போவின் ஹோம்ஸ் கவுண்டி அந்த ஆண்டே ராபர்ட் கிளார்க் என்ற பள்ளி ஆசிரியரை மாநிலச் சட்டமன்றத்துக்கு அனுப்பியது. இருவர் உட்காரும் மேசையில் பல ஆண்டுகள் அவர் தனியாகவே உட்கார வேண்டியிருந்தது. ஹேமர் 1977-இல் ஏழையாகவே இறந்தார். சட்டத்தின் கூர்மையான பகுதியை 2013-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் செயலிழக்கச் செய்துவிட்டது. வாக்கு ராஜ்யத்தைக் கொண்டுவந்துவிடவில்லை. ராஜ்யம் வரும்வரை உன்னைக் கேட்காமல் உன்னை ஆள முடியாது என்று சொல்லும் இடத்தை மட்டும் அது கொடுத்தது.

ஆகவே பெரியம்மாவுக்கு என் பதில்: ஜீவபுஸ்தகத்தில் எழுதுவது நம் கையில் இல்லை. வாக்காளர் பட்டியலில் எழுதிக்கொள்வது நம் கையில் இருக்கிறது. அந்தப் பெயர் அற்பமென்று விட்டுவிட விரும்பினால், முதலில் அதை வாங்கிக்கொண்டு பிறகு விடுங்கள். ஒருவர் தன் வாக்கைப் பெரிதாக நினைக்காமல் இருக்கலாம். அடுத்தவர் வாக்கு பறிபோவதைப் பார்த்துக்கொண்டு பரலோகத்தைப் பற்றிப் பேச யாருக்கும் உரிமை கிடையாது.

வாசிக்கிற உங்களுக்கும் ஒரு வேலை உண்டு. உங்கள் தெருவில் வாடகை வீடு மாறி வந்தவர்கள், வெளியூர் கட்டட வேலைக்குப் போய்த் திரும்பியவர்கள், சான்றிதழ் ஒன்றும் கையில் இல்லாத இருளர், நரிக்குறவர் குடும்பங்கள், எழுத்து தெரியாத முதியவர்கள் இருப்பார்கள். அடுத்த பட்டியல் திருத்த முகாம் நடக்கும் ஞாயிற்றுக்கிழமை, ஆராதனை முடிந்ததும் அவர்களில் ஒருவரையாவது கூட்டிக்கொண்டு போய் புதிதாகச் சேர்பவருக்குப் படிவம் 6-ஐ, வீடு மாறியவருக்குப் படிவம் 8-ஐ நிரப்பிக்கொடுங்கள். பட்டியல் வெளியானதும் பெயர் வந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டு, அவரிடம் சொல்லுங்கள்.